உப்பும் சீனியும் ஐஸ் தின்ற வாரம்

இரட்டைப் பிள்ளை பெற்றவளிடம் ஊர் கேட்கிற முதல் கேள்வி, மாசமாக இருக்கும்போது ரெட்டை வாழைப்பழம் தின்றாயா என்பது. இரண்டாவது, எப்படித்தான் இதுகளை அடையாளம் கண்டுபிடிக்கிறாய் என்பது. அன்னக்கொடி சலிக்காமல் பதில் சொன்னவள். பழம் எதுவும் தின்னவில்லை, அடையாளம் எனக்குத் தெரிந்தால் போதும், உங்களுக்கு எதற்கு என்பாள். ஊர் வாயை மூட உலைமூடியா இருக்கிறது? கேட்டுக்கொண்டேதான் இருந்தார்கள். திருமங்கலத்துக்கு இந்தப் பக்கம் நான்குவழிச் சாலையில் அழகுபாண்டி லாரியில் அடிபட்டுச் செத்த பிறகுதான் அந்தக் கேள்வி நின்றது. அடையாளம் கண்டுபிடிக்க அதற்குமேல் ஒருவன்தான் மிச்சம்.

மிஞ்சியவன் அசோக்குமார். வண்டியூர் தெப்பக்குளத்துக்குப் பின்னால் வீடு, செல்லூரில் அப்பா விட்டுப்போன மாட்டுத்தீவனக் கடை, பாண்டீஸ்வரி என்று ஒரு மனைவி, இசைவாணி என்று ரெண்டாம் வகுப்பு படிக்கிற ஒரு மகள். குறையென்று சொல்ல ஒன்றுமில்லை. கூடப் பிறந்தவனைப் பறிகொடுத்தவர்கள் ஊரில் ஆயிரம் பேர் இருக்கிறார்கள், அவர்களும் கடை திறக்கிறார்கள், டீ குடிக்கிறார்கள். ஆனால் செத்தவனுடைய முகத்தைத் தன் கழுத்துக்கு மேலே வைத்துக்கொண்டு நடமாடுவது தனிச் சள்ளை. கேதத்துக்கு வந்தவர்கள் பாடையைப் பார்த்து அழுததைவிட அவனைப் பார்த்து அழுததுதான் அதிகம். அழகுபாண்டியோடு ஒரே மோட்டார் கம்பெனியில் வேலை பார்த்த ஒருவன், விவரம் தெரியாமல் செல்லூர்ப் பக்கம் வந்து, கடை வாசலில் இவனைக் கண்டதும் ஓடுகிற வண்டியைக் கீழே போட்டான். அதற்குப் பிறகு அசோக்குமார் தாடி வளர்த்தான். பவர் இல்லாத கண்ணாடி ஒன்றையும் வாங்கி மாட்டிக்கொண்டான். தாடி அரித்ததுதான் மிச்சம்.

இதையெல்லாம்கூட அவன் பொறுத்துக்கொண்டான். பொறுக்க முடியாதது ஒன்றே ஒன்று. அவன் சாப்பிட உட்கார்ந்தால் அம்மா எதிரே வந்து உட்கார்ந்து அவன் முகத்தையே பார்ப்பாள். பேசமாட்டாள். சோற்றைப் பிசைந்து வாயில் வைத்து மென்று விழுங்கும்வரை பார்த்துக்கொண்டே இருப்பாள். ஆறு வருஷமாக இது நடக்கிறது. அவள் தன்னைப் பார்க்கவில்லை, தன் முகத்தில் அழகுவைப் பார்க்கிறாள் என்று அசோக்குமார் முடிவுகட்டியிருந்தான். அம்மாவிடம் கேட்டுவிட வேண்டும் என்று எத்தனையோ முறை வாயெடுத்ததுண்டு. அப்படித்தான் என்று அவள் சொல்லிவிட்டால் மறுவேளை எப்படிச் சாப்பிட உட்காருவது?

இந்த நிலைமையில்தான், ஒரு புதன்கிழமை கடையில் தவிட்டு மூட்டை இறங்கிக்கொண்டிருந்தபோது, ஹரிநாராயணன் போன் செய்தான்.

ஹரிநாராயணன் யாரென்றால், பஞ்சாபகேசன் சாரின் மகன். பஞ்சாபகேசன் சார் யாரென்றால், இன்று முப்பதைத் தாண்டிய மதுரைக்காரர்களிடம் கேட்டுப் பாருங்கள், பள்ளிக்கூட வாத்தியார் என்று சொல்லமாட்டார்கள், 'ரெட்டைப் பழம்' தாத்தா என்பார்கள். ஊருக்குள் ஓடின ஒரு சின்ன கேபிள் டிவியில் ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் எழுதி, இயக்கி, தாத்தாவாக நடித்த பிள்ளைகள் நாடகம் அது. சீனி என்றும் உப்பு என்றும் இரட்டைப் பையன்கள். சீனி சமர்த்து, நெற்றியில் விபூதியும் படிய வாரிய தலையுமாக வருவான். உப்பு சேட்டைக்காரன், சட்டைப் பொத்தானை மாற்றிப் போட்டிருப்பான், தலை கலைந்து கிடக்கும். உப்பு பண்ணுகிற சேட்டைக்குச் சீனி அடி வாங்குவான், கடைசியில் தாத்தா கண்டுபிடித்துவிடுவார். வாராவாரம் இதே கதைதான். அதற்காகவே பிள்ளைகள் எண்ணெய்த் தலையோடு டிவி முன்னால் கிடந்தார்கள்.

அசோக்குமார் சீனி, அழகுபாண்டி உப்பு. நிஜத்தில் நேர் தலைகீழ். வீட்டில் பானையை உடைப்பவன் அசோக்கு, உடைத்தது யார் என்று கேட்டால் வாய் திறக்காதவன் அழகு. ஆனால் அழகுக்குப் பிறவியிலேயே கட்டைத் தொண்டை. ஒன்பது வயதுப் பையனுக்கு உரம் ஏற்றின மாட்டுவண்டி மேட்டில் ஏறுகிற மாதிரி ஒரு குரல். முகத்தை வைத்து இருவரையும் பிரிக்க முடியாதவர்கள்கூட, வாயைத் திறந்தால் கண்டுபிடித்துவிடுவார்கள். அந்தக் குரலைக் கேட்டதும் பஞ்சாபகேசன் சார் இவன்தான் உப்பு என்று சொல்லிவிட்டார். படம் பிடித்தது செல்லூரில் ஒரு வீட்டில். பக்கத்துச் சுவரில் விசைத்தறி ஓடும் என்பதால் அங்கே பேசுவது எதுவும் பதிவாகாது. வாயை மட்டும் அசைத்துவிட்டு, பிறகு வேறொரு நாள் மூடின அறைக்குள் உட்கார்ந்து அவரவர் வசனத்தை அவரவர் பேசுவார்கள்.

சார் போன வருஷம் காலமாகிவிட்டார். பரணைச் சுத்தம் செய்தபோது பழைய கேசட்டுகள் கிடைத்தன என்றும், எல்லாம் பூசணம் பிடித்துவிட்டது, பீரோவுக்குள் இருந்த ஒன்று மட்டும் முழுசாகத் தேறியது என்றும் ஹரிநாராயணன் சொன்னான். அதைக் கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டிருக்கிறானாம், ஞாயிற்றுக்கிழமை காலையில் யூடியூபில் போடப்போகிறானாம். நாடகம் வந்த அதே நேரத்துக்கு.

அவசரக்காரனுக்குப் புத்தி மட்டு. அசோக்குமார் போனை வைத்த கையோடு அம்மாவைக் கூப்பிட்டுச் சொல்லிவிட்டான்.

அன்னக்கொடி "அழகு வருவானாடா அதுல?" என்று கேட்டாள்.

"வராம? அவன்தானம்மா உப்பு," என்றான்.

அவன் வீடு போய்ச் சேருவதற்குள் தெருவுக்கே தெரிந்துவிட்டது. திருமங்கலத்தில் இருக்கிற தங்கச்சிக்குப் போன் போட்டு, என் மகனைப் பார்க்கப்போகிறேன் என்று அன்னக்கொடி சொல்லிக்கொண்டிருந்தாள். அழகுபாண்டி நடமாடுகிறதைப் பார்க்க அந்த வீட்டில் வேறு வழி ஏதும் இல்லை. அவனுடைய போன் லாரிச் சக்கரத்தில் போனது. அசோக்குமாரின் கல்யாண வீடியோவில் அழகு பந்தி பரிமாறியபடி யாரிடமோ என்னவோ சிரித்துப் பேசுவான், ஆனால் மேலே சினிமாப் பாட்டு ஓடும். அவன் போன புதிதில் அன்னக்கொடி ஒருமுறை அதைப் போடச் சொன்னாள். பாதியிலேயே, ஒரே பாட்டாக இருக்கிறது என்று எழுந்து போய்விட்டாள். அதற்குப் பிறகு கேட்கவில்லை.

சாயங்காலம் ஹரிநாராயணன் வாட்ஸப்பில் ஒரு படம் அனுப்பினான். கேசட்டு உறைமேல் சாரின் கையெழுத்தில், 'ரெட்டைப் பழம் – சேமியா ஐஸ்' என்று இருந்தது. அசோக்குமார் படத்தைப் பெரிதாக்கி மறுபடி படித்தான்.

ஏனென்றால் அந்த ஒரு நாடகத்தில்தான் அழகுபாண்டி நடிக்கவில்லை.

அந்தச் சமயம் அழகுக்கு அம்மை போட்டிருந்தது. அம்மை வந்த வீடு எப்படி இருக்கும் என்று மதுரைக்காரனுக்குச் சொல்ல வேண்டியதில்லை. நிலையில் வேப்பங்கொத்து, அடுப்பில் தாளிப்புக் கிடையாது, டிவிமேல் துணி, வெளியாள் உள்ளே வரக்கூடாது, உள்ளாள் வெளியே போகக்கூடாது. ஆத்தா வந்து இறங்கியிருக்கிற வீட்டில் அவளுக்கு மிஞ்சிய சட்டம் இல்லை. அம்மை இறங்கித் தலைக்கு மூன்று தண்ணீர் ஊற்றும்வரை யாரும் வாசற்படி தாண்டக் கூடாது என்று அன்னக்கொடி கண்டிப்பாகச் சொல்லியிருந்தாள். சாரோ, ஒரு பையனாவது வந்தால் சமாளித்துவிடுவேன் என்று தவித்துக்கொண்டிருந்தார். அப்பா கருத்தக்கண்ணன் பெண்டாட்டிக்கும் பயந்தவர், வாத்தியாருக்கும் பயந்தவர். கொல்லைப்பக்கமாக அசோக்கைக் கூட்டிக்கொண்டு, கடையில் மூட்டை எண்ண ஆள் இல்லை என்று அம்மாவிடம் ஒரு பொய்யையும் சொல்லிவிட்டுப் போனார்.

அன்றைக்கு அசோக்கே சீனி, அசோக்கே உப்பு. இடது கதவு வழியாகச் சீனியாகப் போய், விபூதியை அழித்து, தலையைக் கலைத்துக்கொண்டு வலது கதவு வழியாக உப்பாக வந்தான். இருவரும் ஒன்றாக நிற்கிற இடத்தில் ஒரு விளக்குமாற்றுக்குச் சட்டை மாட்டி முதுகுப்பக்கம் காட்டினார்கள். இப்படி ஒரு திருட்டு நடந்தது அப்பாவுக்கும், சாருக்கும், இரண்டு பிள்ளைகளுக்கும் மட்டுமே தெரியும். அழகுக்கு மூன்றாம் தண்ணீர் ஊற்றின கையோடு அசோக்குக்கு அம்மை போட்டது. ஆத்தா கணக்கைத் தீர்க்க வந்துவிட்டாள் என்று அப்பா நடுங்கிப்போனார். வேப்பிலைப் படுக்கையில் கிடந்தபடியால் நாடகம் ஓடின ஞாயிற்றுக்கிழமை அசோக்கும் பார்க்கவில்லை, பக்கத்தில் விசிறிக்கொண்டு இருந்த அம்மாவும் பார்க்கவில்லை. அந்த வருஷம் அப்பா வண்டியூர் மாரியம்மனுக்குத் தீச்சட்டி எடுத்தார். சாமி காரியம் என்றால் ஒதுங்கிப் போகிற மனுசனுக்கு இவ்வளவு பக்தி எங்கிருந்து வந்தது என்று அம்மாவுக்குக் கடைசிவரை புரியவில்லை.

ராத்திரிச் சாப்பாட்டுக்கு முன்னால் அசோக்குமார் இதைப் பாண்டீஸ்வரியிடம் சொன்னான். அவள் காரியக்காரி. வெங்காயம் உரிப்பதை நிறுத்தாமல் கேட்டுவிட்டு, இதில் என்ன இருக்கிறது என்றாள். ரெண்டு பேருக்கும் ஒரே மூஞ்சி. உப்பு வேஷத்தில் வருகிறவனை அழகு என்று அத்தை நினைத்துக்கொள்ளட்டும், மனசு குளிரட்டும், யாருக்கு நஷ்டம் என்று கேட்டாள்.

"நீங்க சொல்லாட்டி அத்தைக்குத் தெரியவா போகுது?"

"அதாண்டி எனக்குப் பயமே," என்றான் அசோக்குமார்.

அவளுக்குப் புரியவில்லை. அவனுக்கும் விளக்கத் தெரியவில்லை. திரையில் ஓடுகிற தன்னைப் பார்த்து அம்மா அழகு என்று சொல்லிவிட்டால், ஆறு வருஷமாகச் சோற்றுத் தட்டுக்கு எதிரே உட்கார்ந்து அவள் பார்ப்பது யாரை என்பதற்கு அதற்குமேல் சாட்சி வேண்டியதில்லை. உண்மையைச் சொன்னாலோ, கண் நிறைய ஆசையோடு இருக்கிறவள் தலையில் தண்ணீரை ஊற்றியதாக ஆகும். சொன்னாலும் கெடுதல், சொல்லாவிட்டாலும் கெடுதல். செத்தும் தம்பியை நிம்மதியாக இருக்கவிடாத அண்ணன்மேல் அவனுக்குக் கோபம்கூட வந்தது.

சனிக்கிழமை சொல்லிவிடுவது என்று துணிந்து அம்மாவிடம் போனான். அவள் டிவியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். ஈரத்துணியால் ஒரு முறை, காய்ந்த துணியால் ஒரு முறை.

"அம்மா, அந்த நாடகத்துல அழகு அம்புட்டு நேரம் வரமாட்டான்," என்றான்.

"வார வரைக்கும் பாத்துக்கிறேன்," என்றாள் அன்னக்கொடி. அதோடு அவனுடைய துணிச்சல் தீர்ந்துபோனது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அன்னக்கொடி தலைக்குக் குளித்து, திருமங்கலத்துத் தங்கச்சி எடுத்துக்கொடுத்த சேலையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். பார்க்க வந்த அக்கம்பக்கத்தாரை, முதலில் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம், நீங்கள் பிறகு வாருங்கள் என்று வாசலோடு அனுப்பிவிட்டாள். இசைவாணி போனைத் தட்டி யூடியூபை டிவியில் வரவைத்தாள். அசோக்குமார் அம்மாவுக்குச் சற்றுப் பின்னால், அவள் முகம் தெரியாத இடமாகப் பார்த்து உட்கார்ந்தான்.

படத்தின் குறுக்கே ஒரு வெள்ளைக்கோடு ஓடிக்கொண்டே இருந்தது. பஞ்சாபகேசன் சாரே ஆர்மோனியத்தில் வாசித்த இசை வந்தது. ஒட்டிக்கொண்ட இரண்டு வாழைப்பழத்தின் படம் வந்தது. பிறகு சார், தாத்தாவாக ஈசிசேரில் சாய்ந்து, யாருடா அது வாசலில் என்று கேட்டார். இடது கதவு திறந்து, விபூதி பூசின சீனி ஒரு டம்ளரில் தண்ணீர் கொண்டுவந்து வைத்துவிட்டு ஒன்றும் பேசாமல் போனான். சற்றுப் பொறுத்து வலது கதவு திறந்தது. தலை கலைந்த உப்பு, முதுகுக்குப் பின்னால் சேமியா ஐஸை ஒளித்துக்கொண்டு, அடிமேல் அடிவைத்து உள்ளே வந்தான்.

அசோக்குமார் அம்மாவின் முதுகைப் பார்த்தான். அம்மா அசையவில்லை.

இசைவாணி திரும்பி, "அப்பா, இதுல நீங்க எது, பெரியப்பா எது?" என்று கேட்டாள்.

அவன் வாயில் ஒரு பதில் தயாராகத்தான் இருந்தது. பாண்டீஸ்வரி சொல்லிக்கொடுத்த பதில். அதை அவன் எடுப்பதற்குள் அன்னக்கொடி, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல், வெங்காயம் கிலோ எவ்வளவு என்று சொல்கிற குரலில் சொன்னாள்.

"ரெண்டும் ஒங்கப்பன்தான்."

பாண்டீஸ்வரி புருஷனைப் பார்த்தாள். அவன் தரையைப் பார்த்தான்.

"முன்ன வந்தவனும் நீதான், இப்ப ஐஸ் வச்சிருக்கவனும் நீதான். அழகு இதுல எங்கடா?" என்று கேட்டாள் அன்னக்கொடி.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துக்கொண்டிருந்தவன் அதற்குமேல் என்ன செய்வான்? அம்மை போட்டிருந்ததையும், அப்பா கொல்லைப்பக்கமாகக் கூட்டிப்போனதையும் சொல்லிவிட்டான். அம்மா திட்டப்போகிறாள், அல்லது அழப்போகிறாள் என்று காத்திருந்தான். அவள் சுவரில் மாலையோடு இருந்த கருத்தக்கண்ணன் படத்தைத் திரும்பிப் பார்த்தாள்.

"அதுக்குத்தான் தீச்சட்டி எடுத்தீகளாக்கும்," என்று படத்திடம் சொன்னாள். "நாங்கூட மனுசனுக்குப் புத்தி வந்துருச்சுன்னுல்ல நெனச்சேன்."

பாண்டீஸ்வரிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரிக்கக் கூடாத இடம் என்று முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அன்னக்கொடி மறுபடி திரையைப் பார்த்தாள், ஆனால் பார்வையில் இருந்த ஆவல் போய்விட்டது. வந்த விருந்தாளிக்காக உட்கார்ந்திருக்கிற மாதிரி உட்கார்ந்திருந்தாள். அதைப் பார்க்க அசோக்குமாருக்குத் தாங்கவில்லை. நிறுத்தச் சொல்லி மகளுக்குக் கையைக் காட்டப்போனான்.

அப்போது திரையில் தாத்தா, கையிலே என்னடா என்று கேட்டார். உப்பு வாயைத் திறந்தான்.

"ஒண்ணுமில்ல தாத்தா. வேப்பங்குச்சி. பல்லு வெளக்கப் போறேன்."

கட்டைத் தொண்டை. மேட்டில் ஏறுகிற மாட்டுவண்டி.

அசோக்குமார் நீட்டின கையை மடக்க மறந்துபோனான். ஒன்பது வயதில் தன்னுடைய முகம், தன்னுடைய வாய், அந்த வாயிலிருந்து அழகு பேசுகிறான். அடுத்ததாகச் சீனி வந்தான். முதுகைக் காட்டிக்கொண்டு நின்று, அதே கட்டைக் குரலில், "நேத்து ஐஸ் தின்னு தொண்ட கட்டிக்கிச்சு தாத்தா, அதான் எங்குரலும் இப்படி இருக்கு," என்றான். அந்த வசனம் படம் பிடித்த அன்று கிடையாது. பிற்பாடு சார் சாமர்த்தியமாகச் செருகியது. வாய் மூடின பிறகும் குரல் ஓடுகிறது, குரல் நின்ற பிறகும் வாய் அசைகிறது.

படம் பிடித்தது இத்தனை வருஷமாக ஞாபகம் இருந்தவனுக்கு, குரல் கொடுத்தது ஏன் ஞாபகத்தில் இல்லை என்று அப்போதுதான் உறைத்தது. அவன் கொடுக்கவே இல்லை. அவன் வேப்பிலையில் கிடந்தான். தலைக்குத் தண்ணீர் ஊற்றி எழுந்த அழகுவைத்தான் அப்பா இரண்டாவது முறையாகக் கொல்லைப்பக்கம் கூட்டிப்போயிருக்கிறார். அழகு இரண்டு பேருக்கும் பேசிவிட்டு வந்து, வழக்கம்போல வாய் திறக்காமல் இருந்துவிட்டான். உடம்பு முழுக்க இவன், குரல் முழுக்க அவன்.

அம்மாவைப் பார்க்க எழுந்து முன்னால் வந்தான். அன்னக்கொடி கண்ணை இறுக மூடியிருந்தாள். தலையைக் கொஞ்சம் சாய்த்து, டிவிப் பக்கமாக ஒரு காதைக் கொடுத்திருந்தாள்.

"அம்மா," என்றான்.

"பேசாதடா. அவன் பேசிக்கிட்டிருக்கான்."

உப்பு ஐஸைத் தின்றான், சீனிமேல் பழி போட்டான், தாத்தா கண்டுபிடித்தார். முடிவில் உப்பு சிரித்தான். அது மூடின அறையில் உட்கார்ந்து அழகு சிரித்த சிரிப்பு, இருமலில் போய் முடிந்தது. அன்னக்கொடியின் கன்னம் நனைந்திருந்தது, வாய் சிரித்துக்கொண்டிருந்தது. படம் முடிந்து கறுப்பான பிறகும் அவள் கண்ணைத் திறக்கவில்லை.

அசோக்குமார் அவள் எதிரே தரையில் உட்கார்ந்தான். இப்போது கேட்காவிட்டால் இனி எப்போதும் கேட்கமாட்டோம் என்று அவனுக்குத் தோன்றியது.

"எப்படிம்மா பாத்ததும் கண்டுபிடிச்ச? நான் உப்பு மாதிரிதான வந்தேன்."

அவள் கண்ணைத் திறந்தாள். "பெத்தவளுக்குப் பிள்ள தெரியாதா? இது என்ன கேள்வி."

"அப்ப நான் சாப்பிடுறப்ப எதுக்க உக்காந்து யாரைப் பாக்குற?"

கேள்வி அவளுக்கு விளங்கக் கொஞ்ச நேரம் ஆனது. விளங்கியதும் அவள் முகம் மாறியது. எட்டி அவன் மூக்கிலிருந்து அந்தப் பவர் இல்லாத கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள்.

"ஒன்னத்தாண்டா பாக்குறேன். நீயும் தெனமும் ரோட்டுல வண்டியில போய்ட்டு வாரவன். சோத்துல கை வச்சாத்தான் நீ வீடு வந்துட்டன்னு எனக்கு நெஞ்சு அடங்குது."

தாடியை எடுத்துவிடு, பார்க்கச் சகிக்கவில்லை என்று அம்மா சொன்னாள். சரி என்று தலையாட்டினான்.

வெளியே, பார்க்கலாமா என்று கேட்டுக்கொண்டு அக்கம்பக்கத்தார் மறுபடி வந்து நின்றார்கள். இன்னும் கொஞ்ச நேரம் ஆகும் என்று பாண்டீஸ்வரி போய்ச் சொன்னாள். அன்னக்கொடி பேத்தியிடம், முதலிலிருந்து இன்னொரு தடவை போடு என்றாள். ஆர்மோனியம் வாசித்தது, வாழைப்பழம் வந்தது, தாத்தா யாருடா அது என்று கேட்டார். அன்னக்கொடி கண்ணை மூடிக்கொண்டாள். பக்கத்தில் உட்கார்ந்து அசோக்குமாரும் மூடிக்கொண்டான்.